ஆறும் இல்லை, கிணறும் இல்லை... ஏரிகளை நம்பி வாழ்ந்த மாயன் மாநகரம்!

புதிதாக ஓர் ஊருக்குப் போனால் விவசாயிக்கு முதலில் எழும் கேள்வி, ‘இங்க தண்ணிக்கு என்ன பண்றாங்க?’ என்பதுதான். மத்திய அமெரிக்காவில், குவாத்தமாலா நாட்டின் வடக்கே பெத்தேன் காட்டுக்குள் இருக்கும் டிக்கல் என்ற பழைய நகரத்தைப் பார்க்கப் போனால், இந்தக் கேள்வி இன்னும் பலமாகவே எழும். அங்கே ஆறு கிடையாது, ஓடை கிடையாது, ஊற்று கிடையாது. முழுக்கச் சுண்ணாம்புப் பாறை பூமி. பெய்கிற மழை பாறை வெடிப்புகளில் இறங்கி, கைக்கு எட்டாத ஆழத்துக்குப் போய்விடும்.

இப்படிப்பட்ட இடத்தில்தான் மாயன் மக்கள் ஆயிரம் ஆண்டுகளுக்கும் மேலாக வாழ்ந்தார்கள். உச்சக் காலமான 8-ம் நூற்றாண்டில், நகரத்திலும் அதைச் சுற்றியும் பல பத்தாயிரம் பேர் குடியிருந்தார்கள். பனை உயரத்துக்கு மேல் கோயில்கள் கட்டினார்கள். பிறகு, சில தலைமுறைகளுக்குள் நகரம் காலியாகி, காடு மூடிக்கொண்டது.

அந்த ஊர் எப்படி வாழ்ந்தது, ஏன் விழுந்தது? இரண்டு கேள்விகளுக்குமான விடையில் பெரும்பகுதி அங்குள்ள ஏரிகளின் அடிமண்ணில் இருக்கிறது. காலையில் போய் மாலையில் திரும்பிவிடக் கூடிய அந்தப் பயணம், ஏரிப் பாசன ஊர்க்காரர்களுக்கு நிறையவே சொல்லிக்கொடுக்கும்.

புறப்படும் இடம் ஒரு தீவு

டிக்கல் போகிறவர்கள் பெரும்பாலும் ஃப்ளோரெஸ் என்ற சின்ன ஊரில் தங்குகிறார்கள். பெத்தேன் இட்சா என்ற பெரிய ஏரிக்குள் இருக்கும் தீவு அது. அங்கிருந்து டிக்கல் சுமார் 65 கிலோமீட்டர். விடியும் முன்பே வேன்கள் கிளம்பிவிடும். ஒன்றரை மணி நேரப் பயணம்.

வழியெல்லாம் மக்காச்சோளக் காடுகள், மாட்டுப் பண்ணைகள், கம்பி வேலி போட்ட மேய்ச்சல் நிலங்கள். பூங்கா வாசலைத் தாண்டியதும் காட்சி மாறிவிடும். இரண்டு பக்கமும் சுவர் வைத்தது போலக் காடு. சாலையோரப் பலகைகளில் பாம்பு, ஜாகுவார் சிறுத்தை, வான்கோழிப் படங்கள். ‘இவை குறுக்கே வரும், மெதுவாகப் போங்கள்’ என்பது பொருள்.

1955-ம் ஆண்டில் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்ட இந்த இடத்தின் பரப்பு 576 சதுர கிலோமீட்டர். 1979-ல் யுனெஸ்கோ உலகப் பாரம்பர்யப் பட்டியலில் சேர்த்தது. காடு, கட்டடம் இரண்டுக்காகவும் சேர்த்தே அந்த இடம் கிடைத்தது. உள்ளே போனதும் கண்ணுக்கு முன்பு காதுக்குத்தான் வேலை. ஊளைக்குரங்குகளின் சத்தம் சிங்கம் உறுமுவது போலக் காட்டை அதிர வைக்கும். முதன்முறை கேட்பவர்கள் நின்றுவிடுவார்கள்.

நம்ம தோட்டத்து மரங்கள்

நுழைவுப் பகுதியிலேயே வானத்தை முட்டிக்கொண்டு நிற்கிறது ஒரு பெரிய மரம். சேய்பா என்கிறார்கள். வேறொன்றும் இல்லை, நாம் தலையணைக்குப் பஞ்சு எடுக்கும் அதே இலவ மரம்தான். மாயன்களுக்கு அது புனித மரம். வேர் பாதாளத்திலும், அடிமரம் பூமியிலும், கிளைகள் வானத்திலும் இருப்பதாக நம்பினார்கள். இன்றும் குவாத்தமாலாவின் தேசிய மரம் அதுதான்.

இன்னும் நாலு அடி வைத்தால் சப்போட்டா. நம்மூரில் கையெட்டும் உயரத்தில் ஒட்டுச்செடியாக வளர்க்கும் சப்போட்டாவுக்கு அந்தக் காடுகள்தான் தாயகம். அங்கே அது 30 மீட்டருக்கு மேல் உயரும் காட்டு மரம். பல மரங்களின் பட்டையில் குறுக்கும் நெடுக்குமாகப் பழைய வெட்டுத் தழும்புகள் தெரியும். அந்தப் பாலைக் காய்ச்சித்தான் ஒரு காலத்தில் உலகம் முழுக்க சூயிங்கம் தயாரித்தார்கள். பால் வடிப்பதற்காகக் காட்டுக்குள் மாதக்கணக்கில் தங்கிய தொழிலாளர்கள், மண்ணில் புதைந்திருந்த பல மாயன் ஊர்களை வெளியுலகத்துக்குக் காட்டிக்கொடுத்தார்கள்.

கசக்கி முகர்ந்தால் கிராம்பு, பட்டை, ஜாதிக்காய் மூன்றும் கலந்து மணக்கும் இலையைக் கொண்ட மரமும் அங்கு உண்டு. அதுதான் ஆல்ஸ்பைஸ் எனப்படும் சர்வசுகந்தி. மக்காச்சோளம், பப்பாளி, மிளகாய் என நாம் அன்றாடம் விளைவிக்கும் பலவற்றுக்கும் பூர்விகம் மெக்சிகோவும் மத்திய அமெரிக்காவும் சேர்ந்த அந்தப் பகுதிதான்.

முற்றமே நீர்ப்பிடிப்பு

காட்டுப்பாதையில் அரை மணி நேரம் நடந்தால், மரங்கள் விலகி ஒரு பெரிய முற்றம் வருகிறது. கிழக்கே 47 மீட்டர் உயரத்தில் முதலாம் கோயில். 682 முதல் 734 வரை ஆண்ட ஹசாவ் சான் காவில் என்ற அரசன் புதைக்கப்பட்ட இடம். எதிரே 38 மீட்டரில் இரண்டாம் கோயில். பக்கங்களில் அரண்மனைகள், படிக்கட்டு மேடைகள். எல்லோரும் அண்ணாந்து பார்த்துப் படம் எடுத்துக்கொள்கிறார்கள்.

விவசாயி பார்க்க வேண்டியது காலுக்குக் கீழே. இப்போது புல் முளைத்திருக்கும் அந்த முற்றம், அந்தக் காலத்தில் சுண்ணாம்புக் காரை பூசிய வழவழப்பான தளம். அதுவும் சமதளம் இல்லை. ஒரு பக்கமாக வாட்டம் கொடுத்திருந்தார்கள். பெய்த மழை ஒரு சொட்டுகூட மண்ணுக்குள் இறங்காமல், வழிந்து ஓடி ஏரிக்குள் விழ வேண்டும் என்பதே நோக்கம். கோயில் கூரை, படிக்கட்டு, அரண்மனைத் தளம் எல்லாமே நீர்ப்பிடிப்புப் பகுதிதான்.

கணக்கு எளிது. ஓர் ஏக்கர் காரைத்தளத்தில் ஒரு சென்டிமீட்டர் மழை பெய்தால் சுமார் 40,000 லிட்டர். டிக்கலில் ஆண்டுக்குச் சராசரியாக 1,900 மில்லிமீட்டருக்கு மேல் மழை உண்டு. ஆனால், அது மே மாதத்துக்குப் பிறகுதான் பிடிக்கும். ஆண்டின் முதல் நாலைந்து மாதங்கள் வறட்சி. பெய்யும்போது பிடித்து வைக்காவிட்டால் கோடையில் குடிக்கத் தண்ணீர் இருக்காது.

பிடித்து வைத்தார்கள். கோயில்கள் கட்டுவதற்குக் கல் வெட்டிய பள்ளங்களையும், இயற்கையான பள்ளத்தாக்குகளையும் கரை கட்டி ஏரிகளாக்கினார்கள். நகர மையத்தில் அடுக்கடுக்காக மேல் ஏரி, கீழ் ஏரி என்று அமைத்தார்கள். மேலே நிரம்பியது கீழே இறங்கும். இவற்றில் பெரியது அரண்மனை ஏரி. 2012-ல் வெளியான ஆய்வின்படி, அதன் அணை 80 மீட்டர் நீளம், 10 மீட்டர் உயரம். மாயன்கள் கட்டியதாக இதுவரை தெரிந்த அணைகளிலேயே பெரியது அதுதான். கொள்ளளவு 75,000 கன மீட்டர். நம் கணக்கில் ஏழரைக் கோடி லிட்டர். அணைக்கு மேலே சாலை. கரையும் அதுவே, பாதையும் அதுவே.

2,200 ஆண்டுகளுக்கு முந்தைய வடிகட்டி

நகரத்தின் கொரியென்டல் என்ற ஏரியில் இன்னொரு அதிசயம் கிடைத்தது. அதன் அடிமண்ணை ஆராய்ந்த அமெரிக்காவின் சின்சினாட்டி பல்கலைக்கழக ஆய்வாளர்கள், குவார்ட்ஸ் மணலும் ஜியோலைட்டும் கலந்திருப்பதைப் பார்த்தார்கள். இரண்டுமே அந்த ஏரிக்கரையில் இயற்கையாகக் கிடைக்காதவை. சுமார் 30 கிலோமீட்டருக்கு அப்பால் இருந்து சுமந்து வந்திருக்கிறார்கள். மாடு, குதிரை, வண்டி எதுவும் இல்லாத காலம் அது. எல்லாமே மனிதர்களின் முதுகுச் சுமைதான்.

ஜியோலைட் என்பது கண்ணுக்குத் தெரியாத துளைகள் நிறைந்த எரிமலைக் கனிமம். தண்ணீரில் உள்ள அம்மோனியா போன்றவற்றைப் பிடித்து வைத்துக்கொள்ளும். நம் கடற்கரை மாவட்டங்களில் இறால் பண்ணைக் குளங்களுக்கு மூட்டை மூட்டையாக வாங்கிப் போடுகிறார்களே, அதேதான். அதை ஏரிக்குத் தண்ணீர் வரும் வழியில் வைத்து வடிகட்டியிருக்கிறார்கள் என்று 2020-ல் ஆய்வாளர்கள் எழுதினார்கள். அந்த வடிகட்டி சுமார் 2,200 ஆண்டுகளுக்கு முந்தையது என்பது அவர்கள் கணிப்பு.

மூன்று பயிர், ஒரே வயல்

இத்தனை பேருக்குச் சோறு எங்கிருந்து வந்தது? நகரத்தைச் சுற்றியிருந்த வயல்களில் இருந்துதான். அந்த விவசாய முறைக்கு மில்பா என்று பெயர். கோடையில் காட்டை வெட்டி, காயவிட்டு, எரித்து, முதல் மழைக்குக் கூர்முனைக் குச்சியால் குழி போட்டு விதைப்பார்கள். மக்காச்சோளம், பீன்ஸ், பூசணி மூன்றும் ஒன்றாக வளரும். சோளத்தட்டை பீன்ஸுக்குக் கொழுகொம்பு. பீன்ஸ் வேர் முடிச்சுகள் மண்ணில் தழைச்சத்தைச் சேர்க்கும். பூசணி இலை மண்ணை மூடி, களையையும் வெயிலையும் தடுக்கும். சில ஆண்டுகள் விளைவித்துவிட்டு, அந்த நிலத்தைப் பல ஆண்டுகள் மீண்டும் காடாக வளரவிடுவார்கள்.

மக்கள்தொகை பெருகியபோது, அது மட்டும் போதவில்லை. சரிவுகளில் கல் வரப்பு வைத்துப் படிக்கட்டு வயல் அமைத்தார்கள். சதுப்பு நிலத்தில் வடிகால் வெட்டி, மேட்டுப்பாத்தி கட்டினார்கள். வீட்டைச் சுற்றிப் பழமரங்கள் வைத்தார்கள். விமானத்தில் இருந்து லேசர் கதிரைப் பாய்ச்சி, மரங்களுக்குக் கீழே இருக்கும் தரையை அளக்கும் லைடார் தொழில்நுட்பம் வந்த பிறகுதான் இதன் முழு அளவு தெரிந்தது. 2018-ல் வெளியான அந்த ஆய்வு, பெத்தேனில் 2,144 சதுர கிலோமீட்டரில் 61,480 கட்டுமானங்களைக் கணக்கெடுத்தது. இன்று மனித நடமாட்டமே இல்லாத காட்டுக்குள் வரப்பும் வாய்க்காலும் கோடு போட்டது போலத் தெரிந்தன.

அரண்மனை ஏரி கெட்ட கதை

முற்றத்துக்கு மேற்கே கொஞ்ச தூரம் நடந்தால் நாலாம் கோயில். உயரம் சுமார் 65 மீட்டர். மரப்படிக்கட்டில் மூச்சு வாங்க ஏறி உச்சிக்குப் போனால், கண்ணுக்கு எட்டிய தூரம் வரை பச்சைக் காடு. அதில் மற்ற கோயில்களின் தலைகள் மட்டும் வெள்ளையாக எட்டிப் பார்க்கும். ‘காட்டுக்குள் கட்டிய நகரம்’ என்றுதான் நினைக்கத் தோன்றும். உண்மை வேறு. அந்தக் கோயில் எழுந்த 8-ம் நூற்றாண்டில் சுற்றுவட்டாரத்தில் பெருமளவு காடு அழிந்து, வயலும் வீடுமாக இருந்தது.

அதற்குச் சாட்சி, கோயில் வாசல்களின் உத்திரக் கட்டைகள். சப்போட்டா வைரம் பாய்ந்த மரம். நாலாம் கோயிலுக்குப் பெரிய பெரிய சப்போட்டா உத்திரங்கள் போட்டிருக்கிறார்கள். சிற்பம் செதுக்கிய சில உத்திரங்கள் இன்றும் கெடாமல், சுவிட்சர்லாந்தின் பாசல் நகர அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. அந்தக் கோயிலுக்குப் பிறகு வந்த கட்டடங்களில் கோணல்மாணலாக வளரும் வேறொரு சிறு மரத்தைப் பயன்படுத்தத் தொடங்கினார்கள். பருமனான சப்போட்டா மரங்கள் தீர்ந்து போனதுதான் காரணம் என்கிறார்கள் மரக்கட்டைகளை ஆராய்ந்தவர்கள். உத்திரத்துக்கு மட்டும் இல்லை. முற்றத்துக்கும் கோயிலுக்கும் பூசிய காரைக்காகச் சுண்ணாம்புக்கல்லைச் சுட, விறகு மலை மலையாகத் தேவைப்பட்டது.

அடுத்த அடி ஏரியில் விழுந்தது. 2020-ல் வெளியான இன்னொரு ஆய்வில், அரண்மனை ஏரி, கோயில் ஏரி இரண்டின் அடிமண்ணிலும் பாதரசம் அதிகமாக இருப்பது தெரிந்தது. அரண்மனைச் சுவர்கள், கோயில்கள், சடங்குப் பொருள்களுக்குச் சிவப்பு நிறம் கொடுக்க மாயன்கள் சிந்தூரக் கனிமத்தைப் பயன்படுத்தினார்கள். அது பாதரசமும் கந்தகமும் சேர்ந்தது. ஒவ்வொரு மழையிலும் அந்தச் சாயம் கரைந்து, வாட்டம் கொடுத்த முற்றம் வழியாக நேரே ஏரிக்குள் போனது. அரண்மனைச் சமையல் கழிவும் குப்பையும் அதே வழியில் போய்ச் சேர்ந்தன. கழிவோடு போன பாஸ்பேட் சத்து, நச்சு உண்டாக்கும் நீலப்பச்சைப் பாசியைச் செழிக்க வைத்தது. அந்தப் பாசியின் மரபணுத் தடயம் இன்னும் அந்த மண்ணில் இருக்கிறது.

ஆனால், மையத்தில் இருந்து தள்ளி இருந்த கொரியென்டல், பெர்திதோ ஏரிகளின் மண்ணில் இந்தக் கேடு இல்லை. நீர்ப்பிடிப்பில் என்ன கிடக்கிறதோ, அதுதானே ஏரிக்கு வந்து சேரும். ஊரிலேயே அதிகச் செலவில் கட்டிய, அரசன் வீட்டு வாசலில் இருந்த ஏரிதான் குடிக்க லாயக்கு இல்லாமல் போனது.

இந்த நேரத்தில் மழையும் கைவிட்டது. 9-ம் நூற்றாண்டில் அந்தப் பகுதியில் கடும் வறட்சிகள் திரும்பத் திரும்ப வந்ததை ஏரிப்படிவுகளும் குகைப்பாறைகளும் காட்டுகின்றன. காட்டை அழித்ததே மழை குறைய ஒரு காரணமாக இருந்திருக்கும் என்று பருவநிலையை ஆய்வு செய்கிறவர்கள் கணிக்கிறார்கள். அண்டை நாடுகளுடன் ஓயாத போர் வேறு. மழையை வரவழைப்பதாகச் சொல்லிக்கொண்ட அரசர்களின் வாக்கு பொய்த்தது. டிக்கலில் தேதி பொறித்த கடைசிக் கல்தூண் 869-ம் ஆண்டைச் சேர்ந்தது. அதற்குப் பிறகு அங்கே எந்த அரசனும் கல்தூண் நடவில்லை.

மாயன்கள் மாயமாக மறைந்துவிட்டார்கள் என்று சொல்வது சரியல்ல. நகரத்தை விட்டுத் தண்ணீர் இருந்த பக்கம் போனார்கள். குவாத்தமாலா, மெக்சிகோ, பெலிஸ், ஹோண்டுராஸ் நாடுகளில் இன்றும் பல லட்சம் மாயன் மக்கள் வாழ்கிறார்கள். குவாத்தமாலாவில் மட்டும் 22 மாயன் மொழிகள் அங்கீகரிக்கப்பட்டுள்ளன. அரசர்களின் வரிசை அறுந்தது. மக்காச்சோளம் விதைக்கும் குடும்பங்களின் வரிசை அறவில்லை.

காட்டை யார் காப்பது?

பூங்கா மாலை 6 மணிக்கு மூடப்படும். திரும்பும் வழியில் காலையில் பார்த்த மேய்ச்சல் நிலங்கள் இப்போது வேறு மாதிரித் தெரியும். காரணம், அவையெல்லாம் சில தலைமுறைகளுக்கு முன்பு வரை காடு. 1990-ல் குவாத்தமாலா அரசு, டிக்கலையும் சேர்த்து 20,000 சதுர கிலோமீட்டருக்கு மேற்பட்ட பரப்பை மாயா உயிர்க்கோளக் காப்பகமாக அறிவித்தது. அறிவித்த பிறகும் அதன் மேற்குப் பகுதியில் பெரும் பரப்பு எரிக்கப்பட்டு, மாட்டுப் பண்ணைகளாக மாறியது.

எரியாமல் தப்பிய பகுதிகளில் ஒன்று, டிக்கலுக்கு வடக்கே சுமார் 20 கிலோமீட்டரில் இருக்கும் உவாஷாக்துன் கிராமம். சப்போட்டாப் பால் வடிக்க வந்தவர்கள் உருவாக்கிய ஊர் அது. சுற்றியுள்ள காட்டை நிர்வகிக்கும் உரிமையை அரசு அந்தக் கிராம அமைப்புக்கே ஒப்பந்தமாகக் கொடுத்திருக்கிறது. கணக்கிட்டு மஹோகனி வெட்டுகிறார்கள். பூங்கொத்துக்குப் பயன்படும் ஷாத்தே இலை, சர்வசுகந்தி, சப்போட்டாப் பால் எடுக்கிறார்கள். கோடையில் தீத்தடுப்புக் கோடு வெட்டி, முறை வைத்துக் காவல் காக்கிறார்கள். இப்படி ஊர் மக்கள் கையில் இருக்கும் காடுகளில் காட்டழிப்பு மிகக் குறைவு என்பதைச் செயற்கைக்கோள் படங்கள் உறுதி செய்கின்றன. காடு இருந்தால்தான் வருமானம் என்ற நிலையில், அதற்கு நெருப்பு வைக்க யாருக்கு மனசு வரும்?

கேள்வி-பதில்: டிக்கல் கதையும் நம் தோட்டமும்

மக்காச்சோளத்தை மாயன்கள் எப்படிச் சாப்பிட்டார்கள்?
காய்ந்த மணியைச் சுண்ணாம்பு கலந்த நீரில் வேகவைத்து, இரவு முழுக்க ஊறவிட்டு, தோல் போகக் கழுவி அரைப்பார்கள். அந்த மாவில் தட்டுவதுதான் டார்ட்டியா ரொட்டி. மக்காச்சோளத்தில் இருக்கும் நியாசின் என்ற வைட்டமின் சாதாரணமாகச் சமைத்தால் உடம்பில் ஒட்டாது. சுண்ணாம்பு அதை விடுவித்துக் கொடுக்கும். கால்சியமும் கூடும். இந்தப் பக்குவம் தெரியாமல் மக்காச்சோளத்தை மட்டுமே உணவாக்கிக்கொண்ட ஐரோப்பிய, அமெரிக்க ஏழைகளுக்கு பெலாக்ரா என்ற நோய் வந்தது.

பால் வடித்தால் சப்போட்டா மரம் பட்டுப்போகாதா?
ஆழமாக வெட்டினாலும், அடிக்கடி வெட்டினாலும் பட்டுப்போகும். அதனால், மழைக்காலத்தில் மட்டும் பட்டையில் குறுக்கு மறுக்காகக் கீறல் போட்டு வடிப்பார்கள். ஒருமுறை வடித்த மரத்துக்குப் பல ஆண்டுகள் ஓய்வு கொடுப்பார்கள். நம் தோட்டத்தில் இருப்பவை பழத்துக்கான ரகங்கள். அவற்றில் இதைச் செய்து பார்க்க வேண்டாம்.

நெல் வயலுக்கு நீலப்பச்சைப் பாசியை உரமாகப் போடச் சொல்கிறார்களே, அது நஞ்சா?
இல்லை. நெல்லுக்குப் பரிந்துரைக்கப்படுபவை காற்றில் உள்ள தழைச்சத்தைப் பிடித்துத் தருவதற்காகத் தேர்ந்தெடுத்து வளர்க்கப்படும் வகைகள். டிக்கல் ஏரிகளில் இருந்தவை மைக்ரோசிஸ்டிஸ் போன்ற நச்சு வகைகள். சாக்கடையோ, உரக்கழிவோ கலக்கும் எந்தக் குளத்திலும் கோடையில் இவை பெருகலாம். தண்ணீர் மேல் பச்சைப் பெயின்ட் ஊற்றியது போல ஏடு படர்ந்து, துர்நாற்றம் வீசினால், ஆடு மாடுகளை அதில் தண்ணீர் குடிக்க விடாதீர்கள். கொதிக்க வைத்தாலும் அந்த நஞ்சு போகாது. ஏட்டை வாரிக் கொட்டுவதோடு நிறுத்தாமல், கழிவு எந்த வழியாக வருகிறது என்று பார்த்து, அந்த வழியை அடைப்பதுதான் நிரந்தரத் தீர்வு.